லோட்டாவில் நான் அழித்த பன்னிரண்டு புள்ளிகள்

செக் நாட்டில் முந்நூறு பேர் வசிக்கும் ஒரு கிராமத்திலிருந்து எனக்கு ஒரு மின்னஞ்சல் வந்தது. எழுதியவர் மிலெனா. தபால் நிலையத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், இப்போது அந்த ஊரின் ஊரேட்டை எழுதுகிறவர். அங்கே எவ்வளவு சின்ன ஊரானாலும் ஒரு தடித்த நோட்டு உண்டாம். அந்த வருடம் யார் பிறந்தார்கள், யார் இறந்தார்கள், குளம் என்றைக்கு உறைந்தது, எந்த வீட்டுக் கூரை காற்றில் போனது, எல்லாம் அதில் ஏற வேண்டும். அதை எழுதுவதற்கென்றே ஊராட்சி ஒருவரை நியமிக்கிறது. மிலெனா கேட்டது இதுதான்: "எங்கள் ஊரின் பழைய வரைபடத்தைக் கணினியில் ஏற்றியவர் நீங்கள். புல்வெளிப் பள்ளங்களைக் கண்டுபிடித்தவரும் நீங்கள். உங்களைப் பற்றி இந்த வருட ஏட்டில் எழுதப் போகிறேன். உங்கள் வேலையைப் பற்றி நீங்களே இரண்டு பக்கம் எழுதித் தர முடியுமா?"

நான் அந்த ஊருக்குப் போனதே இல்லை. பாஸ்போர்ட்கூட எடுத்ததில்லை. ஆனால் ஈஜிபுராவில் நான் குடியிருக்கும் தெருவைவிட அந்த ஊர் எனக்கு நன்றாகத் தெரியும். எந்த வீட்டுக்குப் பின்னால் எத்தனை மரம், எந்தப் பாதை எங்கே ஓடையைத் தாண்டுகிறது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வேன். ஆகவே சந்தோஷமாக உட்கார்ந்து, எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் இரண்டு பக்கம் எழுதி முடித்தேன். அனுப்புவதற்கு முன் ஒருவருக்குப் போனில் படித்துக் காட்டினேன். அங்கேதான் மாட்டிக்கொண்டேன்.

நான் கோலார் தங்கவயல்காரன். தாத்தா காலத்தில் வட ஆற்காட்டிலிருந்து வந்த குடும்பம். அப்பா சுரங்கத்துக்குள் டிம்பர்மேன், அதாவது மேலே இருக்கும் பாறை கீழே இருக்கும் ஆள் தலையில் விழாமல் மரம் முட்டுக் கொடுக்கிற வேலை. "உள்ள எறங்குற வேலை என்னோட போவட்டும்" என்று சொல்லி என்னை ஐ.டி.ஐ.யில் டிராப்ட்ஸ்மேன் படிக்க வைத்தார். படித்தேன். பீன்யாவில் ஒரு தொழிற்சாலையில் இயந்திர பாகங்களை வரைந்தேன். தினமும் ரயிலில் நின்றுகொண்டே வந்து நின்றுகொண்டே போனேன். அங்கே கம்ப்யூட்டர் வந்ததும் பலகையை மூலையில் சாய்த்துவிட்டு எலியைப் பிடிக்கக் கற்றுக்கொண்டேன். கல்யாணம் ஆனதும் ஈஜிபுராவில் வாடகைக்கு வந்தோம். இவ்வளவுதான் என் பயிற்சிக் காலம். இதில் பெருமைப்பட ஒன்றுமில்லை, குறைப்பட்டுக்கொள்ளவும் ஒன்றுமில்லை.

பிறகு பிரேசர் டவுனில், ஒரு பேக்கரிக்கு மேலே இரண்டாம் மாடியில் இருந்த வரைபட நிறுவனத்தில் சேர்ந்தேன். ஐரோப்பியக் கம்பெனிகள் பழைய நில வரைபடங்களை ஸ்கேன் செய்து அனுப்பும். அவற்றின் மேல் கோடு கோடாக ஓட்டி, ஒவ்வொரு வீட்டையும் நிலத்தையும் கணினிக்குப் புரியும்படி மாற்றித் தருவது எங்கள் வேலை. மூன்று மணிக்குக் கீழே பன் வேகும் வாசனை வரும்போது யாருக்கும் கை ஓடாது. அந்த நேரத்தில் மட்டும் தரக் கட்டுப்பாட்டு மேலாளர் தன் அறையிலிருந்து வெளியே வருவார்.

அவர் பெயர் ருக்மிணி மேடம். மல்லேஸ்வரத்தில் நான்கு தலைமுறையாக இருக்கிற தமிழ்க் குடும்பம். அரசாங்க சர்வே வேலையில் இருபது வருடம் காடு மேடெல்லாம் சங்கிலி பிடித்துவிட்டு, விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு வந்தவர். என்னைவிட நான்கு வயது இளையவர். கையில் எப்போதும் ஓர் ஆறங்குல ஸ்டீல் ஸ்கேல் இருக்கும். கம்ப்யூட்டர் வேலையில் அதற்கு ஒரு உபயோகமும் கிடையாது. ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு நம் பக்கத்தில் உட்காருவார். பத்து நிமிடம் பேசமாட்டார். பிறகு ஸ்கேலின் முனையைத் திரையில் படாமல் நீட்டி, நாம் வரைந்த ஒரு கோட்டைக் காட்டுவார்.

"இது உங்களுக்கு எப்படித் தெரியும்?"

அவ்வளவுதான். தப்பு என்று சொல்லமாட்டார். சரி என்றும் சொல்லமாட்டார். "படத்துல இருக்கு மேடம்" என்றால் விடமாட்டார். "படத்துல என்ன இருக்கு, அதைச் சொல்லுங்க" என்பார். "பழுப்பு மையில விடாம ஒரு கோடு, ரெண்டு முனையிலயும் எல்லைக்கல் குறி" என்று சொன்னால் எழுந்து அடுத்த ஆளிடம் போய்விடுவார். நாம் ஊகித்து வரைந்திருந்தால் எப்படியோ கண்டுபிடித்துவிடுவார். "ஸ்வல்ப தாளி", கொஞ்சம் பொறுங்கள், என்று கன்னடத்தில் சொல்லிவிட்டு, தமிழில் தொடர்வார்: "தெரியாததை வரையக்கூடாது. தெரியாததை அழிக்கவும் கூடாது. சந்தேகப் பட்டியல்ல எழுதுங்க. கேக்கறதுக்கு ஊர்ல ஆள் இருக்காங்க இல்ல."

சரியாக வரைந்தவனிடமும் அதே கேள்வியைக் கேட்டதுதான் எங்களுக்குக் கடுப்பு. முதல் வருடம் எனக்கு அவரைப் பிடிக்கவே இல்லை. சாப்பாட்டு நேரத்தில் அவர் குரலில் "இது சாம்பார்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டு எல்லாரையும் சிரிக்க வைத்தவன் நான்தான்.

எனக்கும் அங்கே ஒரு பெயர் உண்டு. 'சோப்பு கௌதமன்.' பழைய காகிதம் என்றால் ஈரக்கறை, பூச்சி அரித்த ஓட்டை, மை சிந்திய தடம் எல்லாம் இருக்கும். ஸ்கேனைக் கறுப்பு வெள்ளையாக மாற்றும்போது இவையெல்லாம் புள்ளி புள்ளியாக நின்றுவிடும். கோடு ஓட்டுவதற்கு முன் அவற்றைத் துடைக்க வேண்டும். அதில் என்னை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது. நான் துடைத்த ஷீட் துவைத்துக் காயப்போட்ட வேட்டி போல இருக்கும். புதிதாக வருகிறவர்களுக்கு என் ஷீட்டைத்தான் காட்டுவார்கள். அந்தப் பெருமை எனக்குக் கொஞ்சம் தலைக்கேறியும் இருந்தது.

அந்தக் காலத்தில்தான் செக் தலைநகர் ப்ராகிலிருந்து ஒரு நிறுவனம் முப்பது ஷீட்டுகள் அனுப்பியது. எனக்கு வந்த ஷீட்டில் இருந்த ஊரின் பெயரை எங்களுக்குச் சரியாக உச்சரிக்க வரவில்லை. லோட்டா என்று வைத்துக்கொண்டோம். அந்த நாட்டில் அதே பெயரில் ஏகப்பட்ட ஊர்கள் உண்டு என்று பிறகு மிலெனா எழுதினார். பல நூறு வருடங்களுக்கு முன் காட்டை வெட்டி நிலமாக்க வந்தவர்களுக்கு, வேர் பிடுங்கி முடிக்கும்வரை சில வருடம் வரி கிடையாது என்று பிரபுக்கள் அவகாசம் கொடுப்பார்களாம். அந்த அவகாசத்துக்கு அவர்கள் வழங்கிய சொல்தான் அப்படிக் குடியேறிய ஊர்களுக்கெல்லாம் பெயராகிவிட்டது.

ஏறக்குறைய இருநூறு ஆண்டுகளுக்கு முன், அந்தப் பகுதியை ஆண்ட பேரரசு நிலத்தீர்வைக்காக அளந்து வரைந்த படம் அது. ஓர் அங்குலத்துக்கு நாற்பது பாகம். நம் ஊரில் கிணற்றுக் கயிற்றைக் கை விரித்து அளப்பார்களே, கிட்டத்தட்ட அதே பாகம்தான். மர வீடு என்றால் மஞ்சள், கல் வீடு என்றால் சிவப்பு. தீப்பிடிக்கிற வீடு எது, பிடிக்காதது எது என்று நிறத்திலேயே சொல்லிவிட்டார்கள். புல்வெளி பச்சை, குளம் நீலம். ஒவ்வொரு மரத்துக்கும் நிழல்கூடப் போட்டிருப்பார்கள். வரைந்தவன் யாரோ, பேர் தெரியாத மனிதன், பொறுமைசாலி.

முதலில் பழைய படத்தை இன்றைய செயற்கைக்கோள் படத்தின் மேல் உட்கார வைக்க வேண்டும். அதற்கு இரண்டிலும் நகராமல் இருக்கிற இடங்கள் வேண்டும். நான்கு போதும் என்று ஒப்பந்தம் சொன்னது. மேடம் எட்டு கேட்டார். சிற்றாலயத்தின் மூலை, ஓடைப் பாலம், மூன்று ஊர் எல்லை சேரும் கல் என்று தேடித் தேடி எட்டையும் பொருத்தினேன். அதற்குப் பிறகு வீடுகள், பிறகு நிலங்கள், பாதைகள், கடைசியில் பெயர்கள்.

ஊர் ஒரு குழிந்த தட்டில் இருப்பது போல மலைக்காட்டுக்கு நடுவே இருந்தது. நடுவில் குளம், குளத்தங்கரையில் மணி தொங்கும் சிற்றாலயம். சுற்றி வீடுகள், ஒவ்வொரு வீட்டுக்கும் பின்னால் அந்த வீட்டு நிலம் ரிப்பன் மாதிரி நீண்டு காட்டு விளிம்பு வரை போகும். குளத்திலிருந்து வழிகிற ஓடை தெற்கே இறங்கி ஒரு மாவு ஆலையைச் சுற்றிவிட்டுப் போகும். எல்லாம் மஞ்சள் வீடுகள். ஆலையும் ஆலயமும் மட்டும் சிவப்பு.

சந்தேகப் பட்டியல் ப்ராக் நிறுவனம் வழியாக ஊருக்குப் போகும், மிலெனா பதில் எழுதுவார். ஒரு வரியில் பதில் சொல்ல வேண்டும் என்பது விதி. அந்த அம்மாவுக்கு அது ஆகாத காரியம். குளத்துக்குள் ஏன் ஒரு கோடு என்று கேட்டால், இலையுதிர் காலத்தில் குளத்தை வடித்து மீன் பிடிப்பது, அந்த மீனைக் கிறிஸ்துமஸ் விருந்துக்கு வைப்பது என்று ஒரு பக்கம் வரும். கிழக்குப் பக்கம் பழைய படத்தில் பதினாலு வீடு இருக்கிறது, இன்றைய படத்தில் ஒன்றும் இல்லையே என்று கேட்டேன். அதற்கு வந்த பதில் மட்டும் சின்னது. அந்தப் பக்கத்தில் ஜெர்மன் பேசுகிறவர்கள் இருந்தார்கள், இரண்டாம் உலகப் போர் முடிந்ததும் கையில் எடுக்க முடிந்ததோடு நாட்டைவிட்டு அனுப்பப்பட்டார்கள், வீடுகள் விழுந்துவிட்டன, வாசலில் நின்ற பேரிக்காய் மரங்கள் மட்டும் இன்னும் காய்க்கின்றன என்று எழுதியிருந்தார். அந்தப் பதினாலு மஞ்சள் கட்டங்களை வரையும்போது எனக்கு, சுரங்கம் மூடியதும் ஆள் குறைந்துபோன தங்கவயல் லைன் வீட்டு வரிசைகள் ஞாபகத்துக்கு வந்தன. அன்றைக்கு வேலை கொஞ்சம் மெதுவாகத்தான் நடந்தது.

அந்தக் கிழக்குப் புல்வெளியின் ஓரத்தில்தான் பெரிய ஈரக்கறை ஒன்று இருந்தது. கறையையும் அதைச் சுற்றியிருந்த மிளகளவு புள்ளிகளையும் ஒரே மூச்சில் துடைத்தேன். வெள்ளை வெளேர் என்று ஆனது. மேடம் ஷீட்டைப் பார்த்தார், ஏழெட்டு இடத்தில் எப்படித் தெரியும் என்று கேட்டார், பதில் சொன்னேன், கையெழுத்துப் போட்டார். வரைந்தவர் கௌதமன், சரிபார்த்தவர் ருக்மிணி. ஷீட் போய்ச் சேர்ந்தது. நானும் வேறு ஊருக்கு மாறினேன்.

ஏழெட்டு மாதம் கழித்து அதே ஊருக்கு இன்னொரு வேலை வந்தது. விமானத்திலிருந்து அளந்த நில உயரங்களை எங்கள் படத்தின் மேல் ஏற்ற வேண்டும். கூடவே ஊராட்சியின் புதிய திட்டத்தையும் சேர்க்க வேண்டும். அது என் பக்கத்து மேஜை நஸ்ரீனுக்குப் போனது. பிரேசர் டவுன் பெண், தமிழில் ஆரம்பித்து உருதுவில் முடிப்பாள்.

"கௌதம் அண்ணா, கொஞ்சம் இங்க வாங்க. இந்த மைதானத்துல குழி குழியா காட்டுது. என் டேட்டா கெட்டு கராப் ஆயிடுச்சா?"

போய்ப் பார்த்தேன். கிழக்குப் புல்வெளி. லேசான பள்ளங்கள், ஒரு முழம், ஒன்றரை முழம் ஆழம். வரிசையாக, கிட்டத்தட்ட ஒரே இடைவெளியில் இருந்தன. ரிப்பன் நிலங்களின் வரப்புகளை மதிக்காமல் குறுக்கே சாய்வாகப் போயின. அந்த வரிசையின் மேல், திட்டப் படத்தில் ஒரு செவ்வகம் போட்டிருந்தது.

"இது என்ன கட்டடம்?"

"குழந்தைங்க ஸ்கூல் அண்ணா. நர்சரி. பனி உருகினதும் அஸ்திவாரம் தோண்டறாங்களாம்."

தங்கவயலில் பிறந்தவனுக்கு அந்த வரிசை என்னவென்று சொல்லித் தர வேண்டியதில்லை. பள்ளிக்கூடம் போகிற வயதில், வேலி போட்டு மூடிய பழைய குழிகளை அப்பா எனக்கு வரிசையாகக் காட்டியிருக்கிறார். தங்கம் இருக்கிற பாறைப் பட்டையை ரீஃப் என்பார்கள். "மேல நாம போட்ட வேலிக்கெல்லாம் ரீஃப் கட்டுப்படுமாடா? அது போற போக்குல போவும். தோண்டறவனும் அது பின்னாடியே போவான்" என்றார். ஒரு மழைக்காலத்தில் எங்கள் லைனுக்குப் பின்னால் தண்ணீர்க் குழாயும் அதன் சிமெண்டுத் திண்டும் காலையில் பார்த்தால் காணோம். கீழே போய்விட்டன. நல்லவேளை, யாரும் தண்ணீர் பிடிக்கப் போயிருக்கவில்லை.

என் மேஜைக்கு வந்து பழைய ஸ்கேனைத் திறந்தேன். கறுப்பு வெள்ளை ஆக்குவதற்கு முந்தைய வண்ணப் படம். ஈரக்கறைக்குள் கண்ணை ஓட்டினேன். சாம்பல் மையில் குட்டி வட்டங்கள், ஒவ்வொன்றின் விளிம்பிலும் மயிரிழை போலக் கோடுகள். எண்ணினேன். பன்னிரண்டு. கறை கண்டபடி சிதறும், சம இடைவெளி விட்டு நேர்க்கோட்டில் நடக்காது. இருநூறு வருடத்துக்கு முன் அந்தப் பேர் தெரியாத மனிதன் பார்த்து, நடந்து, அளந்து, பன்னிரண்டு குழி என்று வரைந்து வைத்திருக்கிறான். பக்கத்திலேயே அந்த நிலத்தின் பெயர். நானே எழுத்தெழுத்தாகத் தட்டிச் சேர்த்த பெயர். அகராதியில் போட்டுப் பார்த்தேன். 'கசடு மேடுகளின் மேல்' என்று வந்தது. தங்கவயலில் அப்படிப்பட்ட சுரங்கக் கழிவு மேட்டின் நிழலில் வளர்ந்த சுரங்கக்காரன் மகன், சுரங்கக் குழிகளைக் கறை என்று துடைத்திருக்கிறேன். சந்தேகப் பட்டியலில் ஒரு வரிகூட எழுதவில்லை. அதற்கு மட்டும் மன்னிப்பே கிடையாது என்பது எங்கள் ஆபீசில் எல்லாருக்கும் தெரியும். கேட்காமல் அழித்தவனை அடுத்த நாளே வேலையை விட்டு அனுப்பியிருக்கிறார்கள். எனக்கு அப்போது ஐம்பத்தாறு வயது. அந்த வயதில் வெளியே போனால் யார் கூப்பிட்டு வேலை தருவார்கள்?

ஒரு வழி இருந்தது, மறைக்காமல் சொல்கிறேன். புதிதாகப் பார்த்தது போல ஒரு சந்தேகம் எழுதிவிடலாம். 'உயரத் தரவில் பள்ளங்கள் தெரிகின்றன, பழைய சுரங்கமாக இருக்கலாம், சோதிக்கவும்.' பள்ளிக்கூடமும் தப்பும், நானும் தப்பிப்பேன். அந்த வரியைத் தட்டியும் விட்டேன். அனுப்பும் பொத்தானுக்கு வரும்போது பன் வாசனை வந்தது. பின்னாலேயே ஸ்டூல் இழுபடும் சத்தம்.

ஸ்கேல் முனை திரைக்கு வந்தது. "சுரங்கம்னு எழுதியிருக்கீங்க. உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"எங்க அப்பா கே.ஜி.எஃப்.ல டிம்பர்மேன் மேடம். அந்த வரிசையை நான் சின்ன வயசுலேர்ந்து பார்த்திருக்கேன்."

"சரி. பழைய ஷீட்டுல இது ஏன் இல்ல?"

அந்தக் கேள்விக்கு எத்தனையோ பதில் சொல்லியிருக்கலாம். ஸ்கேன் சரியில்லை, கறை மூடியிருந்தது என்று இழுத்திருக்கலாம். ஆனால் ஆறு வருடமாக அந்த ஸ்டூலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பழகிய வாய்க்குப் பொய் வரவில்லை.

"இருந்துச்சு மேடம். பன்னெண்டு குறி. நான்தான் கறைன்னு அழிச்சேன். லிஸ்ட்லயும் எழுதல."

வண்ண ஸ்கேனைக் காட்டச் சொன்னார். தன் ஸ்கேல் முனையால் ஒவ்வொன்றாக, வாய்க்குள் எண்ணினார். எண்ணி முடித்துவிட்டு ஸ்கேலை மடியில் வைத்தார். அவர் கோபப்பட்டு நான் பார்த்ததில்லை. அன்றைக்காவது பார்க்கப் போகிறேன் என்று நினைத்தேன்.

"எழுதினதை அழிச்சிடுங்க" என்றார். "புதுசா எழுதுங்க. மூலப் படத்துல பன்னெண்டு குழி இருந்தது, எங்க ஆபீஸ்ல தப்பா நீக்கிட்டோம், அந்த இடத்துல கட்டடம் கட்டறதுக்கு முன்னாடி பூமிய சோதிக்கணும். கீழ உங்க பேர் போடுங்க. அதுக்குக் கீழ என் பேர்."

"அழிச்சது நான்தானே மேடம். உங்க பேர் எதுக்கு?"

"நான் பார்த்துக் கையெழுத்துப் போட்ட ஷீட்டு. அந்த வெள்ளை இடத்தைப் பார்த்து, இங்க ஒண்ணுமில்லைன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்னு நான் கேக்கல. வரைஞ்ச கோட்டை மட்டும்தான் கேட்டேன். அது என் தப்பு."

அதைச் சொன்ன விதம் எனக்கு மறக்கவில்லை. பேருந்து எண்ணைச் சொல்வது போலத்தான் சொன்னார். நிர்வாகத்திடமும் அதையே சொன்னார் என்று பிறகு கேள்விப்பட்டேன். கௌதமனை அனுப்பினால் சரிபார்த்தவளையும் அனுப்ப வேண்டும், இருவரையும் அனுப்பினால் மீதி இருபத்தொன்பது ஷீட்டை மறுபடி பார்ப்பது யார் என்று கேட்டாராம். ப்ராக் நிறுவனத்து ஆள் போனில் குதித்தான். மற்ற ஷீட்டுகளில் என்ன அழித்திருக்கிறீர்கள், யார் உத்தரவாதம் என்றான். நாங்கள்தான் என்றார் மேடம். அடுத்த ஏழு வாரம் நானும் நஸ்ரீனும் மேடமும் முப்பது ஷீட்டிலும் துடைக்கப்பட்ட ஒவ்வொரு புள்ளியையும் வண்ணப் படத்தோடு ஒத்துப் பார்த்தோம். வேறு எங்கும் தப்பாக அழித்திருக்கவில்லை. 'சோப்பு' என்ற பெயரை அந்த ஏழு வாரத்தில் யாரும் சொல்லவில்லை. நஸ்ரீன் மட்டும் கடைசி ஷீட் முடிந்த அன்று ஒரு பன்னை என் மேஜையில் வைத்துவிட்டு, "இது பன்னுன்னு உங்களுக்கு எப்படித் தெரியும் அண்ணா?" என்றாள். ஸ்டூலில் இருந்த மேடமும் சிரித்துவிட்டார். அவருக்கு எல்லாம் தெரிந்துதான் இருந்திருக்கிறது.

லோட்டாவில் துளைபோடும் இயந்திரம் கொண்டுவந்து பார்த்தார்கள். மூன்றாவது பள்ளத்துக்குக் கீழே, இரண்டு மாடி வீட்டு ஆழத்தில் வெற்றிடம். வெள்ளி தோண்டிய இடம் என்றார்கள். ஊரில் யாருக்கும் தெரியவில்லை. தெரிந்தவர்கள் அந்தப் பக்கத்தில் உழுத ஜெர்மன்காரர்கள்தான். அவர்கள் போகும்போது அந்த ஞாபகமும் அவர்களோடு போய்விட்டது. பள்ளிக்கூடத்தை ஆலயத்துக்குப் பக்கத்தில் மாற்றிக் கட்டினார்கள். திறப்பு விழாப் படம் வந்தது. பதினேழு குழந்தைகள், ஆளுக்கொரு பலூன். அந்தப் படத்தைப் பார்த்து நான் என் மேஜையில் அழுதேன். அதில் வெட்கமில்லை.

படத்தோடு மிலெனாவின் கடிதமும் வந்தது. எங்கள் குழந்தைகளைக் காப்பாற்றிய இந்திய வரைபடக்காரருக்கு ஊரின் நன்றி என்று இருந்தது. அப்போதுதான் புரிந்தது. நாங்கள் அழித்ததை ஒப்புக்கொண்டு எழுதிய கடிதத்தை ப்ராக் நிறுவனம் ஊருக்குக் காட்டவே இல்லை. வரைபடக் குழுவின் கூடுதல் கண்டுபிடிப்பு என்று மட்டும் சொல்லித் தன் மானத்தைக் காப்பாற்றிக்கொண்டிருக்கிறது. நானும் வாயைத் திறக்கவில்லை. திருத்த வேண்டும் என்று நினைத்தேன், நாள் போனது. ஓய்வும் பெற்றேன். மேடமும் ஓய்வு பெற்றார். ஒவ்வொரு புத்தாண்டுக்கும் மிலெனாவிடமிருந்து பனி மூடிய குளத்தின் படம் வரும். நன்றி என்று பதில் போடுவேன்.

ஆக, இப்போது ஊரேட்டுக்கு நான் எழுதிய இரண்டு பக்கத்திலும் அது இல்லை. தங்கவயல் இருந்தது, அப்பா இருந்தார், பள்ளங்களைக் கண்டுகொண்டது விலாவாரியாக இருந்தது. எழுதியது எதுவும் பொய்யில்லை. அந்த ஷீட்டைப் போலவே பளிச்சென்று இருந்தது.

மல்லேஸ்வரத்துக்குப் போன் போட்டு மேடத்துக்குப் படித்துக் காட்டினேன். முழுவதையும் கேட்டார்.

"இங்கிலீஷ் நல்லா இருக்கு" என்றார். பிறகு கேட்டார். "அந்தப் பன்னெண்டும் முதல் ஷீட்டுல ஏன் இல்லைன்னு நாளைக்கு ஒருத்தர் அந்த நோட்டைப் படிச்சா, அவருக்கு எப்படித் தெரியும்?"

அவர் பதிலுக்குக் காத்திருக்கவில்லை. முழங்கால் வலிக்கு என்ன தைலம் தடவுகிறேன் என்று விசாரித்துவிட்டு வைத்துவிட்டார்.

மூன்றாம் பக்கம் எழுதினேன். என்ன அழித்தேன், ஏன் அழித்தேன், நான் தட்டி வைத்திருந்த முதல் வரி என்ன, அதை அனுப்பவிடாமல் செய்தது யார், என் பெயருக்குக் கீழே தன் பெயரையும் போட்டது யார் என்பதெல்லாம் அதில் இருந்தது. அனுப்பிவிட்டு ஒரு வாரம் மின்னஞ்சலைத் திறக்கப் பயமாக இருந்தது. அந்த ஊரின் மரியாதை எனக்குப் பெரிய சொத்து. அதை நானே கொண்டுபோய்த் திருப்பிக் கொடுத்துவிட்டேன் என்றுதான் நினைத்தேன்.

பதிலாக ஒரு புகைப்படம் வந்தது. ஊரேட்டின் பக்கம், நீல மையில் மிலெனாவின் கையெழுத்து. அடியில் ஆங்கிலத்தில் இரண்டு வரி: "இப்போதுதான் எங்கள் ஏட்டில் எழுதத் தகுந்ததாக ஆனது. அவகாசம் கொடுப்பது எங்கள் ஊருக்குப் பெயரிலேயே இருக்கிறது, தாமதத்துக்கு வருந்த வேண்டாம்." செக் மொழியில் ஓர் எழுத்தும் எனக்குப் படிக்க வராது. என் பெயரையும் அதற்குக் கீழே மேடத்தின் பெயரையும் மட்டும் கண்டுபிடித்தேன். பக்கத்தின் ஓரத்தில், மேலிருந்து கீழாகச் சாய்வாக, மிலெனா குட்டிக் குட்டி வட்டங்கள் போட்டிருந்தார்.

படத்தை மேடத்துக்கு அனுப்பிவிட்டுக் கூப்பிட்டேன். நான் எவ்வளவு கடன்பட்டவன் என்று அன்றைக்காவது வாய்விட்டுச் சொல்லிவிட வேண்டும் என்று நினைத்திருந்தேன். அவர் முந்திக்கொண்டார்.

"சரியா எழுதியிருக்காங்களா?"

"சரியா இருக்கு மேடம்."

"செக் பாஷை படிக்க வராதே. எப்படித் தெரியும்?"

"எண்ணிப் பார்த்தேன் மேடம். பன்னெண்டும் இருக்கு."